சாக்குக்குள் இருக்கப்போகும் மகனுக்கு

தம்பி,

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நீ மலைப்பக்கத்து விடுதியிலிருந்து தொலைபேசியில் அழைத்தபோது நான் அடுப்பை அணைத்துவிட்டு யன்னலோரம் வந்து நின்றேன். படத்தில் வேடம் கிடைத்துவிட்டது என்றாய். கோடைகாலம் முழுக்க மொண்டெல்லோக் கடற்கரைக் கடையில் மேசை துடைத்துக்கொண்டு, விடுமுறை நாளில் ரயிலேறி நடிகர் தேர்வுகளுக்குப் போய், முகம் தொங்கத் திரும்பி வந்த பிள்ளை நீ. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. என்ன வேடம் என்று கேட்டேன்.

"சின்ன வேடம்தான் அம்மா. என்ரை ஃபாச்சாவே, முகமே, தெரியாது. தலையிலை ஒரு சாக்கு. ஜீப்புக்குப் பக்கத்திலை ஒரு கதிரையிலை இருப்பன். சனம் வரிசையா முன்னாலை நடந்து வரும். சிலருக்குத் தலையை ஆட்டவேணும். அவ்வளவுதான்."

"ஆருக்கு ஆட்டவேணும்?"

"அது தெரியாது. டைரக்டர் அந்த நேரம் சொல்லுவாராம். என்ரை பக்கங்கள் மட்டும்தான் தந்தவை."

நீ தொடர்ந்து கதைத்தாய். பனைமரங்களைப் பிளாஸ்டிக்கில் செய்து நட்டிருக்கிறார்கள், கண்டால் சிரிப்பீர்கள் என்றாய். பிறகு குரலைத் தாழ்த்தி இன்னொன்றும் சொன்னாய். "வரிசையிலை வாற சனத்துக்கு ஒண்டும் சொல்லேல்லையாம். சாக்கைக் கண்டவுடனை முகத்திலை உண்மையான பயம் வருமாம். அதைத்தான் எடுக்கப்போகினமாம். நல்ல ஐடியா, என்ன?" நான் "சாப்பிட்டியோ" என்று மட்டும் கேட்டுவிட்டுத் தொலைபேசியை வைத்தேன். அதனால்தான் எழுதுகிறேன். நேரில் பேசினால் நீ பாதியில் இத்தாலிய மொழிக்குத் தாவுவாய், நான் பின்னால் ஓடி மூச்சு வாங்குவேன். சனிக்கிழமைப் பள்ளிக்கூடத்தில் படித்த தமிழை வைத்துக்கொண்டு மெதுவாக வாசி. நான் செய்தி எழுதிய ஆள். நடந்ததை வரிசையாகச் சொல்ல எனக்குத் தெரியும்.

நீ அந்தக் கதிரையில் இருந்து செய்யப்போகிற வேலைக்கு எங்கள் ஊரில் ஒரு பெயர் இருந்தது. தலையாட்டி. இராணுவம் ஊரைச் சுற்றிவளைத்து, ஒலிபெருக்கியில் எல்லாரையும் பள்ளிக்கூட மைதானத்துக்கு வரச்சொல்லும். வெயிலில் இருத்திவிட்டு, ஒவ்வொருவராக ஒரு ஜீப்புக்கு முன்னால் நடக்கவிடும். ஜீப்புக்குப் பக்கத்தில் சாக்கால் தலையை மூடிய ஒருவன் இருப்பான். அவன் தலையை ஆட்டினால் ஆளை ஒரு பக்கம் ஒதுக்குவார்கள். ஆட்டாவிட்டால் மற்றப் பக்கத்தால் வீட்டுக்குப் போகலாம். விசாரணை என்பது அவ்வளவுதான். நான் செய்தியாளராக இருந்த காலத்தில் அப்படிப் பல மைதானங்களுக்குப் போய் எழுதியிருக்கிறேன். ஒருநாள் எழுதப் போகவில்லை, வரிசையில் நின்றேன். எனக்கு அந்தத் தலை ஆடவில்லை. எனக்குப் பின்னால் வந்த என் அண்ணனுக்கு, உன் மாமாவுக்கு, ஆடியது. அவருக்குப் பின்னால் வந்த உன் மாமிக்கு ஆடவில்லை. அண்ணனை லொறியில் ஏற்றினார்கள். அதற்குப் பிறகு அண்ணனைப் பற்றி உறுதியாக எழுதக்கூடிய ஒரு வரிகூட என்னிடம் இல்லை. மாமா காணாமல் போனவர் என்று உனக்குச் சொல்லி வளர்த்தோம். எப்படி என்று சொல்லவில்லை. நீ கேட்கவும் இல்லை. கேட்கக்கூடாத விஷயம் என்று எங்கள் முகங்களைப் பார்த்தே விளங்கிக்கொண்டாய் போலும்.

முகம் தெரியாதே, பிறகு என்ன பயம் என்று நீ நினைப்பாய். எனக்கு அங்கேதான் பயம். அந்தச் சாக்குக்குள் யார் இருந்தார் என்று ஊருக்கு இன்றுவரை தெரியாது. அடித்து இருத்தினார்களோ, காசு கொடுத்து இருத்தினார்களோ, அதுவும் தெரியாது. தெரியாததால் எல்லாரும் எல்லாரையும் பார்த்தார்கள். அன்று மைதானத்துக்கு வராதவர்களின் பெயர்கள் எல்லாம் வாய்களில் அடிபட்டன. காய்ச்சலில் வீட்டில் படுத்துக்கிடந்த ஒரு வாத்தியார், கடைக்குப் போனால் சனம் கதையை நிறுத்துகிறது என்று குடும்பத்தோடு ஊரைவிட்டே போனார். முகத்தை மூடினால் ஆள் தப்புவதில்லை தம்பி. சனம் தானாக ஒரு முகத்தைத் தேடி எடுத்து அதில் வைத்துவிடும்.

சனம் கதையை நிறுத்தினால் ஒரு மனிதனுக்கு என்ன ஆகும் என்பதை நான் இங்கே பலெர்மோவில்தான் பக்கத்திலிருந்து பார்த்தேன். வுச்சீரியாச் சந்தைக்குப் பின்னால், லிஃப்ட் இல்லாத கட்டடத்தில் மூன்றாம் மாடியில் நான் பார்த்துக்கொண்ட சிஞ்ஞோர் யாரோமிரை உனக்கு அவ்வளவாக ஞாபகம் இருக்காது. சின்ன வயதில் உன்னை அங்கே கூட்டிப்போனால் தொலைக்காட்சி பார்க்க விடமாட்டார் என்று அழுவாய். அவர் செக் நாட்டுக்காரர். நடிகர். ஆனால் சுவரொட்டியில் பெயர் வராத நடிகர். கதாநாயகனுக்குப் பியர் கொண்டுவருகிற பரிசாரகன், கடிதம் கொடுக்கிற தபால்காரன், பல் பிடுங்குகிற வைத்தியன், கல்யாண வீட்டில் பெண்ணின் பெரியப்பா. ஆயுள் முழுக்க இவைதான் அவருடைய வேடங்கள். அவரைக் குளிப்பாட்டி, சூப் ஊட்டி, காலுக்கு எண்ணெய் தடவிய வருடங்களில் கேள்வி கேட்டுக் கேட்டு இவ்வளவையும் வாங்கினேன். "ஜொர்னலிஸ்தா, செய்திக்காரி, நீ பதில் கிடைக்காமல் சூப் தரமாட்டாயா?" என்று கேட்பார். நான் கரண்டியைப் பிடித்துக்கொண்டே அடுத்த கேள்வியைக் கேட்பேன்.

சீனி ஆலை இருந்த ஒரு சின்ன நகரத்தில் பிறந்து, ஊரூராகப் போன நாடகக் குழுவில் சேர்ந்து, பிறகு பிராக் நகரத்துக்கு வந்து படத்தில் நடிக்கத் தொடங்கினார். முதல் வேடம் பரிசாரகன். மேசையில் கிண்ணத்தை வைத்துவிட்டுப் போவதுதான் வேலை. அவர் கிண்ணத்தைத் தூக்கி, கீழே இருந்த ஈரத்தைச் சட்டைக்கையால் துடைத்துவிட்டு, மறுபடி வைத்தாராம். அதை யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. இயக்குநர் அதை வெட்டாமல் விட்டார். அதன் பிறகு பல காலம் எந்தப் படத்தில் பரிசாரகன் வந்தாலும் இவரைத்தான் கூப்பிட்டார்கள். "கதாநாயகன் ஒரு கடைக்குள் போனால் அது கடைதான் என்று சனம் நம்பவேண்டும். அதற்குத்தான் எனக்குச் சம்பளம்" என்பார். கேலி செய்வது போலச் சொன்னாலும் அதில் அவருக்குப் பெருமை இருந்தது.

அவருக்கு ஒரு பழக்கம் இருந்தது. கதை முழுவதையும் வாசிக்கமாட்டார். தன் ஆள் வருகிற பக்கங்களை மட்டும் பிரித்தெடுத்து வாசிப்பார். தபால்காரனுக்குக் கடிதத்துக்குள் என்ன இருக்கிறது என்று தெரியாது, எனக்கு மட்டும் ஏன் தெரியவேண்டும் என்பது அவருடைய நியாயம். நல்ல நியாயம்தான். அதனால்தான் அவருடைய தபால்காரனைப் பார்த்தால் தபால்காரனாகவே இருக்கும். அவருடைய பழைய படமொன்றை இணையத்தில் தேடி எடுத்துப் பார்த்தேன். மொழி ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் அவர் கதவைத் தட்டிவிட்டுக் காத்து நின்ற விதத்தில், அந்தத் தெருவில் அன்று எவ்வளவு குளிர் என்று எனக்குத் தெரிந்தது.

அந்தப் பழக்கமே அவரை விழுத்தியது. அங்கே பழைய கம்யூனிஸ்ட் ஆட்சி இருந்த காலத்தில் ஒரு தொலைக்காட்சித் தொடரில் வேடம் வந்தது. அடுக்குமாடிக் கட்டடத்தின் காவலாள். வழமைபோலத் தன் பக்கங்களை மட்டும் வாசித்தார். மனைவி இறந்துபோன தனி ஆள். மாடியில் இருப்பவர்கள் ஊருக்குப் போனால் அவர்களுடைய பூச்செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றுவான், பூனைக்குப் பால் வைப்பான். கிழமைக்கு ஒருமுறை ஓர் அலுவலர் வருவார். அவருக்குக் கோப்பி போட்டுக் கொடுத்துக் கட்டடத்துக் கதைகளைச் சொல்வான். பேச்சுத்துணை இல்லாதவன், ஆளைக் கண்டால் கதைக்கிறான், அவ்வளவுதான் என்று நினைத்து அப்படியே நடித்தார். ஒளிபரப்பான அன்றுதான் மிச்சப் பக்கங்களைப் பார்த்தார். காவலாள் சொன்ன கதைகளால் மூன்றாம் மாடி ஆசிரியை சிறைக்குப் போகிறாள். தொடர் அவனை விழிப்பான நல்ல குடிமகன் என்று புகழ்கிறது. நாடு முழுக்க அதைப் பார்த்தது. மேலிடம் அவருக்கு ஒரு விருதும் கொடுத்தது. அதுதான் எல்லாவற்றையும்விட மோசமாகப் போயிற்று.

யாரும் அவரைத் திட்டவில்லை. முகத்துக்கு நேரே ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. அவர் படியேறி வந்தால் படிக்கட்டில் நின்று கதைத்தவர்கள் கதையை நிறுத்தினார்கள். இறைச்சிக்கடையில் வரிசை அமைதியாகும். மேல்வீட்டுக் குடும்பம் வேறு இடம் பார்த்துப் போனது. நடிகன் வேறு, வேடம் வேறு என்று தெரியாத மூடர்கள் அல்ல அவர்கள். ஆனால் அந்தக் காலத்தில் யார் உளவு சொல்பவர், யார் இல்லை என்று யாருக்கும் நிச்சயமில்லை. இவ்வளவு இயல்பாகச் செய்கிறானே, தெரியாமலா செய்கிறான் என்று ஒரு கேள்வி வந்தால் போதும். அவர் மதித்த இயக்குநர்கள் கூப்பிடுவதை நிறுத்தினார்கள். இத்தாலியப் படமொன்றில் ஜேர்மன் அதிகாரி வேடம் வந்ததும், படப்பிடிப்புக்கு வந்தவர் திரும்பிப் போகவில்லை. அந்தப் படத்தில் உடை தைத்த பலெர்மோப் பெண்ணை மணந்து இங்கேயே இருந்துவிட்டார். நான் வேலைக்குச் சேரும் முன்னரே மனைவி இறந்துவிட்டார்.

இங்கே அவருக்கு வேலை கிடைத்தது. ஜேர்மன்காரன், ரஷ்யன், போலந்து லொறிச்சாரதி. குரலை வேறு ஆள் கொடுப்பார். இவர் வாயசைத்தால் போதும். கபோச் சந்தையில், இவரைப் படத்து அதிகாரியாகவே கண்ட மீன்காரன் "கப்பித்தானோ, இண்டைக்குச் சூடை மீன் நல்லாயிருக்கு, சுட்டுப்போட்டு எடுத்துக்கொண்டு போ" என்று கத்துவான். கடை முழுக்கச் சிரிக்கும். இவரும் சிரிப்பார். இங்கே வில்லனாக நடித்தவனுக்கு மீன் மலிவாகக் கிடைத்தது. நாங்கள் இரண்டு கைகளிலும் பையோடு வீட்டுக்குத் திரும்புவோம். கட்டடத்து வாசலுக்கு வந்ததும் அவர் நின்றுவிடுவார். மேலே படிக்கட்டில் யாராவது கதைக்கிற சத்தம் கேட்டால், தொண்டையைச் செருமி உரக்க இருமுவார். ஒருமுறை இல்லை, மேலே உள்ளவர்கள் எட்டிப் பார்த்து "சிஞ்ஞோர் யாரோமிர், வாருங்கோ" என்று கூப்பிடும்வரை இருமுவார். சளி என்றுதான் முதலில் நினைத்தேன். வைத்தியரிடம் கூட்டிப்போகவா என்று கேட்டேன். "நான் ஒளிந்து நின்று கேட்கவில்லை என்று அவர்களுக்குத் தெரியவேண்டும்" என்றார். அந்தப் படிக்கட்டில் ஒருவருக்கும் அவருடைய பழைய தொடரைத் தெரியாது. காவலாள் என்றொரு வேடம் இருந்ததே தெரியாது. அது அவருக்கும் தெரியும். ஆனாலும் இருமினார். நடக்க முடியாமல் போகும்வரை இருமினார்.

நீ கதிரையில் இருப்பதை நினைத்தால் எனக்கு அந்த இருமல்தான் கேட்கிறது. உன் தமிழ் நண்பர்களுடைய தாய் தகப்பன்மாரில் எத்தனை பேர் அந்த ஜீப்புக்கு முன்னால் நடந்தவர்கள் என்று நீ அறியமாட்டாய். படம் வந்தபிறகு, சாக்குக்குள் இருந்தது இன்னாரின் மகன் என்று ஒருவர் சொன்னால், அடுத்தவர் வேண்டுமென்று ஒன்றும் செய்யமாட்டார். கோயில் வாசலில் நீ வரும்போது கதையை நிறுத்துவார், அவ்வளவுதான். வேடத்தை விட்டுவிடு என்று நான் சொல்லவில்லை. சொல்ல வாய் வருகிறது, அடக்கிக்கொண்டிருக்கிறேன். நாளைக்கே இயக்குநரிடம் போய் மிச்சப் பக்கங்களைக் கேள். உன் தலை யாருக்கு ஆடுகிறது, ஆடியபிறகு அவர்களுக்கு என்ன நடக்கிறது என்று தெரிந்துகொண்டு இரு. தரமாட்டேன் என்றால் ஏன் என்று கேள். கேட்பதற்கு உனக்கு உரிமை இருக்கிறது.

இனி எனக்கு நித்திரையைக் கெடுத்த விஷயத்துக்கு வருகிறேன். சனிக்கிழமைப் படப்பிடிப்பில் உனக்கு முன்னால் நடக்கப்போகிற வரிசையில் உன் மாமி இருக்கிறாள்.

நீ வேடம் கிடைத்ததைச் சொல்வதற்கு முன்னரே அவள் என்னிடம் சொல்லிவிட்டாள். தமிழ்ப் பள்ளிக்கூட மண்டபத்துக்கு ஒரு இத்தாலியப் பெண் வந்து, படத்துக்குத் தமிழ் ஆட்கள் வேண்டும், ஒருநாள் வேலை, மத்தியானச் சாப்பாடு உண்டு என்று பெயர் எழுதியிருக்கிறாள். "வரிசையிலை நிண்டு நடக்கவேணுமாம், கூப்பன் அரிசிக்கு நிக்கிற சங்கக்கடை வரிசையாக்கும்" என்றாள் மாமி. "கொஸ்தூராப் பொலிஸ் கந்தோரிலை பெர்மெஸ்ஸோ விசாவுக்கு நிண்டு நிண்டு பழகின எங்களை விட்டால் வரிசையிலை நிக்கிறதுக்கு அவைக்கு ஆர் கிடைப்பினம்?" நானும் சிரித்தேன். நீ ஊரின் பெயரையும் சனிக்கிழமை என்பதையும் சொன்னபோதுதான் எனக்கு இரண்டும் ஒன்று என்று விளங்கியது. நான் சிஞ்ஞோராக்களின் வீடுகளுக்கு வேலைக்குப் போன காலத்தில் உன்னைப் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிவந்து, சோறு தீத்தி, கணக்குப் பாடம் விளங்காவிட்டாலும் பக்கத்தில் இருந்தவள். அவள் வெயிலில் நடந்து வந்து நிமிர்ந்து பார்க்கும்போது மறுபடியும் அந்தச் சாக்கு. உள்ளே நீ. இயக்குநர் உன்னை அவளுக்கு ஆட்டச்சொல்லுவாரோ, யாருக்குத் தெரியும்.

இன்று, வியாழக்கிழமை, மத்தியானம் கபோவில் அவளுடைய வீட்டுக்குப் போனேன். கீழே சந்தை இரைந்துகொண்டிருந்தது. அவள் சனிக்கிழமைக்கென்று எடுத்த பருத்திச் சேலையை அயர்ன் பண்ணிக்கொண்டு நின்றாள்.

"மணிக்கூடு கட்டக்கூடாதாம், மச்சாள். அந்தக் காலத்திலை நாங்கள் மணிக்கூடு கட்டேல்லையோ? பேய்க்கதை" என்றாள்.

"மச்சாள், அது சங்கக்கடை வரிசை இல்லை."

"பின்னை?"

"சுற்றிவளைப்பு. ஜீப் நிக்கும். சாக்குப் போட்ட ஒருத்தன் இருப்பான்."

அவள் அயர்னை நிமிர்த்தி வைத்து வயரைக் கழற்றினாள். "உனக்கு ஆர் சொன்னது?"

"தம்பி."

"அவனும் வரிசையிலையோ?"

"இல்லை மச்சாள். சாக்குக்குள்ளை இருக்கப்போறது அவன்தான்."

அவள் கட்டிலில் இருந்தாள். அழுவாள் என்று நினைத்தேன். உன்னைத் திட்டுவாள், என்னைத் திட்டுவாள் என்று நினைத்தேன். கடைசியில், "அவனுக்குச் சாக்குக் கடிக்கும்" என்றாள். "சின்னனிலை கம்பளி போட்டாலே கழுத்தெல்லாம் சொறிஞ்சு சிவக்கப் பண்ணுவான்."

"உன்ரை பேரை வெட்டச் சொல்லுறன். நீ போகாதை. மற்ற ஆக்களுக்கும் பஸ் ஏற முன்னம் நான் சொல்லத்தான் போறன்."

"ஓம், சொல்லத்தான் வேணும். உந்தச் சனத்திலை ஆருக்கு நெஞ்சு வருத்தம் இருக்கோ. விரும்பினவை ஏறட்டும், விரும்பாதவை வீட்டை போகட்டும்." பிறகு சேலையை மடிக்கத் தொடங்கினாள். "நான் போறன்."

"உனக்கென்ன விசரே?"

"அண்டைக்கு நான் அவருக்குப் பின்னாலை நிண்டனான், மச்சாள். சாக்கிலை ரெண்டு ஓட்டை. உள்ளை இருந்தவன் இவரைப் பாத்து ஆட்டினவனோ, கண்ணை மூடிக்கொண்டு ஆட்டினவனோ எண்டு இண்டைக்கும் எனக்குத் தெரியாது. எல்லாத்தையும் யோசிச்சு முடிச்சிட்டன், அது மட்டும் முடியேல்லை." மடிப்பை உள்ளங்கையால் அழுத்தினாள். "தம்பியிட்டைச் சொல்லு. நான் முன்னாலை வரேக்கை கண்ணை மூடவேண்டாம் எண்டு."

"உனக்கு ஆட்டச்சொன்னால்?"

"ஆட்டட்டும். என்னைப் பாத்திட்டு ஆட்டட்டும்."

அவள் சொன்னதை ஒரு சொல்லும் கூட்டாமல் குறைக்காமல் எழுதிவிட்டேன். தாள்களைப் படம்பிடித்து இன்றிரவே உன் தொலைபேசிக்கு அனுப்புகிறேன். பஸ் சனிக்கிழமை விடியற்காலை வெளிக்கிடும். என் பெயரையும் எழுதிக்கொடுத்துவிட்டு அவளுக்குப் பக்கத்து இருக்கையில் நானும் வருகிறேன். வரிசையில் அவளுக்கு முன்னால் நடப்பேன்.

பயம் தீராமல்,
அம்மா